கைக்குச் சேதி எட்டவில்லை

அப்பாவின் காரியம் எல்லாம் முடிந்து ஒரு மாதம் கழித்து ஊருக்குப் போயிருந்தேன். அடுப்படி மூலையில் பானை நிறைய நீர் ஊற்றிய பழைய சோறு. ஒற்றை ஆள் இரண்டு நாள் சாப்பிட்டாலும் தீராது. யாருக்கும்மா இவ்வளவு என்று கேட்டேன்.

“உழக்கை எடுத்தா கை தன்னால முழுசா கோருது, ட்டி. உலையில போட்ட பெறகுதான் ஞாபகம் வருது” என்றாள் அம்மா. மிச்சத்தை எதிர்வீட்டு மாட்டுக்கு ஊற்றிவிடுகிறாளாம்.

அந்த உழக்கு ஆச்சி காலத்துப் பித்தளை. விளிம்பு ஓரிடத்தில் நசுங்கியிருக்கும். நானும் தம்பியும் வேலைக்கென்று வெளியூர் போனபின் பன்னிரண்டு வருசமாக மதியத்துக்கு அதில் ஒரே அளவுதான்: தலைதட்டி ஓர் உழக்கு. ஓர் உழக்குக்கு இரண்டு ஆழாக்கு. அம்மாவுக்கு ஒன்று, அப்பாவுக்கு ஒன்று.

அப்பா இறந்தது அம்மாவுக்குத் தெரியாதா? கண்ணை மூடிவிட்டவளே அவள்தான். வாய்க்கரிசி போட்டாள். பதினாறாம் நாள் விடியுமுன் அவள் நெற்றியிலிருந்தும் கழுத்திலிருந்தும் எடுக்க வேண்டியதை எல்லாம் எடுத்தார்கள். வேண்டாம் என்றேன், யார் கேட்டார்கள்? ஆக நெற்றிக்குச் சொல்லியாயிற்று, கழுத்துக்குச் சொல்லியாயிற்று, ஊருக்கே போஸ்டர் ஒட்டியாயிற்று. அரிசி அளக்கிற கைக்கு மட்டும் சேதி எட்டவில்லை.

இது எப்படி என்று கேட்டால் நரம்பியலில் ஓரளவுக்குப் பதில் இருக்கிறது. அதற்கு அமெரிக்காவில் ஹார்ட்ஃபோர்டு என்ற நகரத்துக்கு, 1953ஆம் வருடத்துக்குப் போக வேண்டும்.

அங்கே ஹென்றி மொலேசன் என்று ஒருவர். வயது 27. சிறு வயது முதலே வலிப்பு, மருந்துக்கு அடங்கவில்லை. வில்லியம் ஸ்கோவில் என்ற அறுவை சிகிச்சை நிபுணர் அவருடைய மூளையில் இரண்டு பக்கமும், பொட்டுக்கு உட்புறமாக இருக்கும் ஹிப்போகேம்பஸ் என்ற பகுதியில் பெரும்பங்கையும் அதைச் சுற்றியிருந்த திசுவையும் எடுத்துவிட்டார். வலிப்பு வெகுவாகக் குறைந்தது. ஆனால் அதன்பிறகு நடந்த எதுவும் கிட்டத்தட்ட ஹென்றியின் நினைவில் நிற்கவில்லை. 2008இல், 82ஆம் வயதில் இறக்கும்வரை ஆய்வு உலகம் அவரை ‘எச்.எம்.’ என்றே குறிப்பிட்டது. மறைந்த பிறகுதான் பெயர் வெளியே வந்தது.

அவருடைய நெருங்கிய உறவினர் ஒருவர் இறந்த செய்தியைச் சொன்னபோது ஹென்றி கலங்கிப்போனார். கொஞ்ச நேரத்தில் மறந்தார். பிறகு, அவர் எப்போது வருவார் என்று கேட்டார். மறுபடி சொன்னார்கள். முதன்முறை கேட்பவரைப்போல மறுபடி கலங்கினார். சாவுச் சேதி அவருக்கு ஒவ்வொரு தடவையும் புதுச் சேதிதான். 1966இல் தந்தை இறந்தார். பிற்காலத்தில், அப்பா இறந்துவிட்டார் என்று ஒரு தாளில் எழுதித் தன்னோடு வைத்திருந்தார் ஹென்றி. மற்றவர்கள் பர்ஸில் அப்பாவின் படத்தை வைத்திருப்பார்கள். இவர் அப்பா இல்லை என்ற தகவலை வைத்திருந்தார்.

ஆனால் அவரை ஆராய்ந்த பிரெண்டா மில்னர் வேறொன்றையும் கண்டார். கண்ணாடியில் மட்டும் பார்த்துக்கொண்டு, ஒரு நட்சத்திரத்தின் இரட்டைக் கோட்டுக்கு நடுவே பென்சிலை ஓட்ட வேண்டும். கண்ணாடியில் எல்லாம் தலைகீழாகத் தெரிவதால் கை கோணல்மாணலாகப் போகும். மூன்று நாள் பழகியதில் ஹென்றி சுத்தமாக வரைந்தார். மூன்றாம் நாளும் அவருக்கு அது புது வேலைதான், முன்னே செய்ததாக ஞாபகமே இல்லை. கை கற்றிருந்தது, அவர் கற்றிருக்கவில்லை.

நினைவு ஒற்றை அறை இல்லை என்பது அப்போது உறுதியாயிற்று. இன்ன நாளில் இன்னது நடந்தது என்று பதிய ஹிப்போகேம்பஸ் வேண்டும். அது ஒரே தடவையில் பதியும். ஆஸ்பத்திரி வராந்தாவில் டாக்டர் தலையைக் குனிந்த அந்த நொடி ஒரு தடவைதான் நடந்தது, ஆயுசுக்கும் போதும். பழக்கங்களுக்கு வேறு ஏற்பாடு. மூளையின் ஆழத்தில் பேசல் கேங்லியா என்ற முடிச்சுகள் இருக்கின்றன. அவை ஒரு தடவை சொன்னால் கேட்கிற சாதி அல்ல. நூறு, இருநூறு தடவை செய்து காட்டினால்தான் கற்கும். கற்றதை விடவும் அதே பிடிவாதம். எங்கள் அம்மா ஹென்றிக்கு நேர் எதிர்ப்பக்கத்தில் நின்றாள். அவளுக்கு எல்லாம் தெரியும். பன்னிரண்டு வருசம் பழகிய கைக்குத்தான் ஒன்றும் தெரியவில்லை.

எனக்கு மட்டும் என்ன வாழ்ந்தது? அப்பா தினமும் சாயங்காலம் டீக்கடைக்குப் போய்ப் பேப்பர் பார்த்துவிட்டு ஆறேகால் மணிக்கு டிவிஎஸ் ஃபிஃப்டியில் திரும்புவார். தெருமுனையில் எஞ்சின் சத்தம் தேயும், பிறகு கேட்டின் கொண்டி ‘டக்’கென்று விழும். அவர் போனபின் ஊரில் இருந்த நாட்களில் ஆறேகாலுக்கு எனக்கு ஒரு மாதிரி ஆகும். அழுகை என்று சொல்ல முடியாது. மாடிப்படியில் இறங்கும்போது இன்னொரு படி இருக்கிறது என்று நினைத்துக் காலை வைத்து, தரை சட்டென்று முட்டுமே, அது மாதிரி.

இதற்கும் ஒரு சோதனை உண்டு. சுவிட்சர்லாந்தில் வுல்ஃப்ராம் ஷுல்ட்ஸ் என்ற ஆய்வாளர் குரங்குகளின் மூளையில் டோபமைன் சுரக்கும் செல்களைக் கவனித்தார். விளக்கு எரியும், சற்று நேரத்தில் பழச்சாறு வரும். ஆரம்பத்தில் சாறு வரும்போது செல்கள் துடித்தன. பழகியபின் விளக்கு எரிந்ததுமே துடித்தன, சாறு வரும்போது ஒன்றும் இல்லை. எதிர்பார்த்தது வந்தது, அதில் என்ன செய்தி? ஒரு நாள் விளக்கை எரியவிட்டுச் சாற்றைத் தரவில்லை. சாறு வந்திருக்க வேண்டிய அதே நேரத்தில் அந்தச் செல்களின் துடிப்பு சட்டென்று கீழே இறங்கியது. கவனியுங்கள், அந்த நொடியில் வெளியே எதுவும் நடக்கவில்லை. நடக்காமல் போனதைத்தான் மூளை குறித்துக்கொண்டது. 1997இல் இதை வைத்து ஷுல்ட்ஸும் இரண்டு சகாக்களும் எழுதிய கட்டுரை மிகவும் பேசப்பட்டது.

மூளை நடந்ததைப் பதிகிற கருவி மட்டும் அல்ல, அடுத்து என்ன என்று ஓயாமல் ஊகித்துக்கொண்டே இருக்கிறது. முப்பது நாற்பது வருசம் கூட இருந்த ஒருவர் அந்த ஊகங்களில் பாதிக்குள் புகுந்திருப்பார். கொண்டிச் சத்தம், குளியலறையில் செருமல், இரண்டாம் டம்ளர். அவர் போனபிறகு ஒரு நாளைக்கு எத்தனை ஊகம் பொய்க்கும் என்று எண்ணிப் பாருங்கள். அந்த ஓயாத சின்னச் சின்னப் பொய்ப்புகள்தான் துக்கத்தில் ஆளை அசத்திவிடுகின்றன என்று எனக்குத் தோன்றுகிறது. சாவு வீட்டில் ஒன்றும் செய்யாமல் உட்கார்ந்திருப்பவர்கள்கூட அடித்துப்போட்டதுபோல் களைத்துக் கிடப்பதைப் பார்த்திருப்பீர்கள்.

அப்பாவின் சாய்வு நாற்காலி தெற்கு ஜன்னலடியில் கிடக்கும். தம்பி அதைத் தூக்கிப் பரணில் போட்டான். போட்டபின்னும் அந்த ஜன்னலடியை யாரும் நேராக மிதித்து நடக்கவில்லை. எல்லாரும் சுற்றித்தான் போனோம்.

நார்வேயில் ட்ரோன்ட்ஹைம் என்ற ஊரில் மே-பிரிட் மோசரும் எட்வர்ட் மோசரும் எலிகளின் மூளையில் இட அறிவு எப்படி உண்டாகிறது என்று ஆராய்ந்தவர்கள். அதற்காக 2014இல் ஜான் ஓ’கீஃபோடு சேர்ந்து நோபல் பரிசு வாங்கினார்கள். அவர்கள் ஆய்வகத்தில் நடந்த ஒரு சோதனை 2013இல் வெளியானது. ஒரு பெட்டிக்குள் எலியை ஓடவிட்டு, நடுவே ஏதோ ஒரு இடத்தில் ஒரு பொருளை வைத்தார்கள். மூளையின் ஒரு பகுதியில் சில செல்கள் அந்தப் பொருளருகே எலி போகும்போது துடித்தன. பிறகு பொருளை எடுத்துவிட்டார்கள். இப்போது வேறு சில செல்கள் துடித்தன. பொருள் இருந்தபோது வாயைத் திறக்காத செல்கள். பொருள் முன்பு இருந்த வெற்றிடத்துக்கு எலி வரும்போது மட்டும் துடித்தன. பல நாள் கழித்தும் துடித்தன. அவற்றுக்குச் சுவட்டுச் செல்கள் என்று பெயர்.

எலிக்கும் எங்கள் வீட்டுக்கும் நெடுந்தூரம் உண்டு, அவசரப்பட்டு முடிச்சுப் போடக் கூடாது. ஆனால் ‘இங்கே ஒன்று இருந்தது’ என்பதைக் குறிக்கத் தனியாகச் செல்கள் இருக்கின்றன என்று தெரிந்த பிறகு அந்த ஜன்னலடி எனக்கு வெறும் தரையாகப் படவில்லை.

இன்னும் ஒரு படி மேலே போனால், இல்லாதவர் இருப்பதாகவே உணர்வது. ‘மனுசன் இன்னும் இங்கனதான் சுத்திக்கிட்டுக் கெடக்காரு’ என்று நம் ஊரில் தாழ்ந்த குரலில் சொல்வார்கள். வேல்ஸ் நாட்டின் நடுப்பகுதியில் ஊர் மருத்துவராக இருந்த டெவி ரீஸ், தன் வட்டாரத்தில் கணவனையோ மனைவியையோ இழந்த 293 பேரை வீடு வீடாகப் போய்ப் பார்த்துப் பேசினார். 1971இல் முடிவை வெளியிட்டார். ஏறக்குறைய பாதிப் பேருக்கு இப்படி ஏதாவது ஓர் அனுபவம் இருந்தது. 39 சதவீதம் பேர் பக்கத்தில் அவர் இருப்பதாக உணர்ந்தார்கள். குறைந்த அளவில் சிலர் பார்த்தும் இருந்தார்கள், குரல் கேட்டும் இருந்தார்கள். சில பேருக்கு அது ஆண்டுக்கணக்கில் நீடித்தது. பெரும்பாலோர் அதை ஆறுதலாகவே எடுத்துக்கொண்டார்கள், பயப்படவில்லை.

எனக்கு அந்த ஆய்வில் பெரிதாகப் படுவது வேறொன்று. அவர்களில் பெரும்பான்மையோர் அதுவரை இதை யாரிடமும் மூச்சு விட்டிருக்கவில்லை. டாக்டரிடமோ பாதிரியாரிடமோகூட. கேலி செய்வார்கள், கிறுக்கு என்பார்கள் என்ற பயம். ஒரு டாக்டர் வந்து நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து கேட்டபிறகுதான் சொன்னார்கள். ரீஸ் இதை நோயாகக் கருதவில்லை. இழப்புக்குப் பின் இயல்பாக வருவது என்றார். அதைப் படித்த பிறகு, ‘அப்பா செருமல் கேக்குதாம்மா?’ என்று அம்மாவிடம் கேட்டேன். ‘காலையில மட்டும்’ என்றாள், காய் நறுக்கிக்கொண்டே.

துக்கத்தில் ஏக்கம் என்று ஒரு பகுதி இருக்கிறது. அதைத் தனியே எடுத்துப் பார்த்தவர் மேரி-ஃபிரான்சஸ் ஓ’கானர். 2008இல் வெளியான அவருடைய ஆய்வில் தாயையோ சகோதரியையோ புற்றுநோய்க்குப் பறிகொடுத்த பெண்கள் கலந்துகொண்டார்கள். ஸ்கேன் கருவிக்குள் படுத்தபடி இறந்தவரின் படத்தைப் பார்த்தார்கள். வலியோடு தொடர்புள்ள பகுதிகள் எல்லாருக்குமே இயங்கின. துக்கம் நாள்பட்டும் தணியாதவர்களுக்கு மட்டும் நியூக்ளியஸ் அக்யூம்பென்ஸ் என்ற பகுதியும் இயங்கியது. பசித்தவனுக்குச் சோற்றைக் கண்டால் இயங்குகிற பகுதி அது. வேண்டும் என்று தவிக்கிற இடம். ஏக்கம் எவ்வளவு அதிகமோ அந்த அளவுக்கு அங்கே இயக்கமும் அதிகம். மொத்தமே 23 பெண்கள்தான், அதனால் இதை வைத்துப் பெரிய கோட்டை கட்ட முடியாது. என்றாலும் தணியாத துக்கம் என்பது வெறும் சோகம் அல்ல, அவர் வந்துவிடுவார் என்ற எதிர்பார்ப்பு இன்னும் அணையாமல் கிடப்பது என்று ஓ’கானர் சொல்வது எனக்குப் பொருந்தி வருகிறது.

அம்மா அதிகம் அழவில்லை. அது ஒரு பிரச்சினையாகிவிட்டது. துஷ்டிக்கு வந்த பெண்கள் எல்லாரும், ‘அழுதுரு தாயி, உள்ள வச்சிக்கிட்டா நெஞ்சை அடைச்சிரும்’ என்று அவள் முதுகைத் தட்டினார்கள். ஒப்பாரி சொல்லத் தெரிந்த பெரியாச்சி ஒருத்தி எடுத்துக்கொடுத்தும் பார்த்தாள். அழாதவள் மேல் ஒரு சந்தேகம் விழும் நம் ஊரில். அழுகையை அடக்கினால் பின்னால் வட்டியும் முதலுமாக வெடிக்கும் என்ற நம்பிக்கை படித்தவர்களிடமும் உண்டு. அவர்கள் ஐந்து கட்டங்கள் என்று ஒரு பட்டியலையும் கையில் வைத்திருப்பார்கள். மறுப்பு, கோபம், பேரம், சோர்வு, ஏற்பு. 1969இல் எலிசபெத் கூப்ளர்-ராஸ் எழுதிய புத்தகத்திலிருந்து வந்தது. அவர் பேசியது சாகப்போகிற நோயாளிகளோடு. இருப்பவர்களின் துக்கத்துக்கு அதைப் பின்னால் இழுத்துப் போர்த்தினார்கள், அளவு சேரவில்லை.

ஜார்ஜ் பொனானோவும் சகாக்களும் டெட்ராய்ட் நகர்ப்பகுதியில் செய்த ஆய்வு இதைவிடக் கெட்டியானது. வயதான தம்பதிகளிடம் முன்கூட்டியே பேட்டி எடுத்து வைத்திருந்தார்கள். பின்னாளில் ஒருவர் இறந்தபோது மற்றவரை மறுபடி பார்த்தார்கள். முன்பு எப்படி, பின்பு எப்படி என்று ஒப்பிட முடிந்தது. 2002இல் வந்த முடிவின்படி, இழந்தவர்களில் ஏறக்குறைய பாதிப் பேர் ஆரம்பம் முதலே பெரிய சரிவு இல்லாமல் நாட்களை நடத்திக்கொண்டு போனார்கள். கல்நெஞ்சம் இல்லை, துணையோடு பிணக்கும் இல்லை. நினைத்துக்கொள்வார்கள், ஏங்கவும் செய்வார்கள், சமைத்துச் சாப்பிட்டுத் தூங்கவும் செய்வார்கள். தள்ளிப்போட்ட துக்கம் பின்னால் வெடிக்கும் என்பதற்கு அங்கே சான்று கிடைக்கவில்லை.

மறுபக்கம், சிலருக்குத் துக்கம் அசையாமல் உறைந்து நின்றுவிடுவதும் உண்மை. உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியல் ஆறு மாதத்துக்கு மேல் நீண்டு வாழ்க்கையை முடக்கினால் அதை ஒரு கோளாறாகக் கொள்கிறது. அமெரிக்க மனநல மருத்துவர்களின் கையேடு 2022இல் பெரியவர்களுக்கு ஒரு வருடம் என்று கணக்கு வைத்தது. எங்கள் வீட்டில் புரோகிதர் வைத்த கணக்கும் ஒரு வருடம்தான், தலைத் திவசம் வரைக்கும். இதைப் பெரிய ஒற்றுமை என்று நான் கொண்டாடப் போவதில்லை. முடக்கம் அப்படி நீண்டால் அதற்கென்று சிகிச்சை உண்டு, வெட்கப்படாமல் டாக்டரிடம் போக வேண்டும்.

இனி என் சொந்தக் கவலை. அப்பா போன புதிதில் அவர் முகம் என்று நினைத்தால் வருவது ஐசியுவில் பார்த்த முகம்தான். மூக்கில் குழாய், சவரம் செய்யாத கன்னம். எழுபது வருச மனுசனைக் கடைசிப் பதினோரு நாள் மறைத்து நின்றது. கடுமையான உணர்ச்சி பொங்கும் நேரத்தில் அமிக்டலா என்ற பகுதி, ‘இதை அழுத்திப் பதி’ என்று ஹிப்போகேம்பஸை ஏவுகிறது. அதனால் அந்த முகத்துக்கு முதல் வரிசை. ஏழெட்டு மாதம் கழித்து, கேட்காமலே பழைய முகங்கள் வரத் தொடங்கின. கோலிசோடாக் குண்டை ஒரே தட்டில் உடைத்துக்காட்டிச் சிரிக்கிற முகம் முதலில் வந்தது.

ஆனால் வந்தது அசல்தானா? 2000ஆம் ஆண்டில் கரீம் நாடெர் என்பவர் நியூயார்க்கில் எலிகளை வைத்துச் செய்த சோதனை, உறுதிப்பட்ட நினைவைக்கூட ஒருமுறை வெளியே எடுத்தால் அது மறுபடி இளகிவிடுகிறது, திரும்பப் புரதம் போட்டுக் கட்டினால்தான் நிற்கும் என்று காட்டியது. பீரோவிலிருந்து பத்திரத்தை எடுத்துப் பார்த்தால், திரும்ப வைக்கும்போது மறுபடி ரிஜிஸ்டர் செய்துதான் வைக்க வேண்டும் என்பதுபோல. மனித நினைவில் இது எந்த அளவு நடக்கிறது என்று ஆய்வாளர்களுக்குள் வழக்கு ஓடிக்கொண்டிருக்கிறது. என் தரப்பில் ஒரு சாட்சி: சோடாக் குண்டை உடைத்த அன்று அப்பா நீலச் சட்டை என்கிறேன் நான். பனியன்தான் என்று சத்தியம் செய்கிறான் தம்பி. இருவரும் ஆயிரம் தடவை எடுத்துப் பார்த்த பத்திரம் அது.

அம்மா இந்த விசயத்தில் எங்களைவிடக் கெட்டிக்காரி. அப்பாவின் ஒரு சட்டையைத் துவைக்காமல் பாலித்தீன் பையில் கட்டி பீரோ அடித்தட்டில் வைத்திருக்கிறாள். கோகுல் சாண்டல் பவுடரும் வேர்வையும் கலந்த வாசம். பார்வையும் ஒலியும் தலாமஸ் என்ற சந்திப்பில் இறங்கி மாறித்தான் மூளையின் உச்சிக்குப் போகும். வாசனைக்கு அந்த இறக்கம் கிடையாது. மூக்கிலிருந்து நேரே அமிக்டலாவின் வாசலுக்கும், அங்கிருந்து அடுத்த எட்டில் ஹிப்போகேம்பஸுக்கும் போய்விடும். வாசம் பட்டதும் ஆள் முன்னால் வந்து நிற்பது அதனால்தான். ஒருநாள் நான் அந்தப் பையை அவிழ்க்கப் போனேன். கையைப் பிடித்துக்கொண்டாள். “சும்மா சும்மா தொறந்தா போயிரும்” என்றாள். வாசனையின் மூலக்கூறுகள் காற்றில் பறந்துவிடும் என்பது ஒரு கணக்கு. அடிக்கடி முகர்ந்தால் அந்த வாசம் அப்பாவோடு இருந்த நாட்களை விட்டுவிட்டு, பீரோவுக்கு முன்னால் உட்கார்ந்திருக்கும் நாட்களோடு போய் ஒட்டிக்கொள்ளும் என்பது இன்னொரு கணக்கு. வருசத்துக்கு ஒரு தடவை, திவசத்துக்கு முந்தின நாள் ராத்திரி, அவள் மட்டும் திறக்கிறாள்.

கை கற்றதா என்று கேட்பீர்கள். கற்றது. பொய்த்த ஊகம் ஒவ்வொன்றும் ஒரு பாடம். நானூறு ஐந்நூறு மதியம் ஆனபோது உழக்கு பாதியில் நின்றது. ஆனால் பழைய பாடம் அழிந்துவிடவில்லை. பாவ்லோவ் தன் நாய்களிடமே இதைப் பார்த்தார். மணியடித்தும் சோறு வராமல் போகப்போக எச்சில் ஊறுவது நின்றது. சிறிது நேரம் விட்டு மறுபடி மணியடித்தால் மறுபடி ஊறியது. பழையதை மூளை அழிப்பதில்லை, அதன்மேல் இன்னொன்றை எழுதுகிறது. எந்த இடத்தில் கற்றதோ அந்த இடத்தில்தான் அந்தப் புது எழுத்து செல்லுபடியாகும். தினசரிச் சமையலுக்குப் பழகிய கை, தீபாவளிக்கு முறுக்கு மாவு பிசையும்போது பழையபடி இரண்டு பங்கு பிசைந்தது. அப்பாவுக்கு முறுக்கு என்றால் உயிர். அந்த வருசம் தெருவுக்கே முறுக்கு போயிற்று.

போன ஆடியில், சொல்லாமல் கொள்ளாமல் ஒரு மதியம் போய் இறங்கினேன். அம்மா குக்கரை இறக்கி வைத்திருந்தாள். மூடியைத் திறந்து பார்த்தவள் அப்படியே நின்றாள். அடியில் ஒற்றை ஆளுக்கான சோறு.

“வாரேன்னு ஒரு போன் போட்டா என்னட்டி? இப்பதான் கை ஆழாக்குக்குப் பழகியிருக்கு. நீயும் வந்து நிக்க.”

திட்டிக்கொண்டே உழக்கை எடுத்து இன்னொரு ஆழாக்கு அளந்து களைந்து போட்டாள். முதல் சோற்றை மூடி வைத்துவிட்டு, இரண்டாவது வெந்து இறங்கும்வரை ஜன்னலடியில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தோம். சாப்பிடும்போது மணி மூன்று.